மில் சங்கின் சுருதி

சங்கை மாற்றிவிட்டார்களா என்று கேட்பதற்காக ஒரு நாள் காலையில் மில் கேட்டில் போய் நின்றேன். எனக்கு அப்போது முப்பத்து மூன்று வயது. ஆவணி வெயில் மண்டையைப் பிளக்கிறது, நான் கழுத்தில் மப்ளர் சுற்றியிருக்கிறேன். இந்தக் கோலத்தில் ஒருவன் வந்து, "உங்க மில்லுச் சங்கு முன்ன மாதிரி இல்லையே, புதுசு மாட்டிட்டாகளா?" என்று விசாரித்தால் வாட்ச்மேன் என்ன நினைப்பார்? என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு உள்ளே போய் எலக்ட்ரீஷியன் அண்ணனைக் கூட்டி வந்தார்.

அந்த மில்லில் சங்கு ஊதுகிறவர் அந்த அண்ணன்தான். ஊதுவது என்றால் வாயால் இல்லை. மில் கூரைமேல் மோட்டார் வைத்த சங்கு இருக்கிறது, கீழே அவர் அறையில் அதற்கு ஒரு சுவிட்ச். ஷிப்ட் நேரத்துக்கு அவர் அதை அழுத்தினால் சங்கு அடித்தொண்டையில் முனகி, மெதுவாக ஏறி, உச்சியில் போய் ஒரே சுருதியில் நிற்கும். தேனியில் எங்கள் பக்கத்து வீடுகள் எல்லாம் அதைக் கேட்டுத்தான் உலை வைக்கும், பிள்ளைகளை எழுப்பும்.

"இது மில்லு தொறந்த அன்னைக்கு மாட்டுனது தம்பி. தொடச்சு எண்ணெய் போடுறதோட சரி. ஏன் கேக்குற?"

சும்மாதான் என்றேன். அவர் என் மப்ளரைப் பார்த்தார், பிறகு முகத்தைப் பார்த்தார். தொண்டையைப் பார்த்துக்கொள் என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டார். வண்டியை உதைத்துக் கிளப்பினேன். சங்கு மாறவில்லை என்றால் மாறியது என் குரல்தான். ஆயுத பூஜைக்கு இன்னும் ஆறு வாரம்கூட இல்லை.

ஒருவன் குரலுக்கும் மில் சங்குக்கும் என்ன சம்பந்தம் என்றால், அதற்கு 1996-க்குப் போகவேண்டும். அந்த வருஷம் நாங்கள் நான்கு பேர் சேர்ந்து ஒரு ராக் பேண்ட் ஆரம்பித்தோம். கிடார் வாசித்தவன் போடி பஜாரில் ஜவுளிக்கடை வைத்திருந்த வீட்டுப் பையன், சர்ச்சில் வாசித்துப் பழகியவன். டிரம்ஸ்காரன் ஜெயமங்கலத்துச் சம்சாரி மகன், வயலில் நெல் மூட்டை தூக்கிய கை, அடித்தால் தோல் கிழியும். கீபோர்டு வாசித்தவன் பாலிடெக்னிக்கில் என் பெஞ்சில் உட்கார்ந்தவன், என் உயிர் நண்பன். நான் பாட்டுக்காரன். யாரோ எங்கிருந்தோ கொண்டுவந்த வெள்ளைக்காரக் கேசட்டுகளைத் தேயத் தேயக் கேட்டுவிட்டு, டிரம்மின் வயிற்றில் கொட்டை எழுத்தில் 'ராக்' என்று பெயிண்ட் அடித்தோம்.

ஊர் எங்களை ஆர்கெஸ்ட்ரா என்றுதான் கூப்பிட்டது. கோயில் கொடை, பூப்புனித நீராட்டு விழா, கட்சிக்காரர் வீட்டுக் கல்யாணம், எங்கே போனாலும் சினிமாப் பாட்டுதான் கேட்பார்கள். பாடினோம். பாடாமல் வயிறு என்ன காற்றிலா நிரம்பும்? ஆனால் ஒவ்வொரு கச்சேரியிலும் எங்கள் சொந்தப் பாட்டு ஒன்றைச் செருகிவிடுவோம். அதுதான் சங்குப் பாட்டு.

அந்தப் பாட்டுக்கு வரிகள் குறைவு. ஷிப்டுக்கு ஓடுகிற ஒருத்தியைப் பற்றி நாலு வரி. விஷயம் அதன் தொடக்கத்தில்தான் இருந்தது. கீபோர்டில் நண்பன் சங்குச் சத்தத்தைக் கிளப்புவான். நான் அதோடு சேர்ந்து அடியிலிருந்து ஏறுவேன். ஏறி, உச்சியில் மூச்சு விடாமல் நிற்பேன். அங்கே டிரம்ஸ் விழும், கிடார் அலறும், மில் ஆட்கள் இருந்தால் விசிலில் பந்தல் கிழியும். அவர்கள் தினம் கேட்கிற சத்தம் அல்லவா? சத்தத்தை நான் நிஜச் சங்கிடமே கற்றிருந்தேன். தினமும் ஏழு மணிச் சங்குக்கு மாடியில் நின்று அதோடு சேர்ந்து பாடுவேன். எனக்கு அதுதான் குரு, அதுதான் தம்பூரா.

இரண்டாம் வருஷமே மில்லில் ஆயுத பூஜைக்குக் கூப்பிட்டார்கள். அன்றைக்கு மெஷின்களுக்குச் சந்தனம் வைத்து, வாழைக்கன்று கட்டி, பொரி படைத்து, பூசணிக்காய் உடைப்பார்கள். எலக்ட்ரீஷியன் அண்ணன் ஏணி போட்டு ஏறிச் சங்குக்கும் ஒரு மாலை போடுவார். பூஜை முடிந்ததும் சங்கை ஒரே ஒரு தடவை ஊதுவது வழக்கம். அன்று ஷிப்ட் கிடையாது, அந்த ஊதல் சாமிக்கு. அந்த வருஷம் நான் திமிரில் மைக்கைப் பிடித்து நிஜச் சங்கோடு சேர்ந்து ஏறி உச்சியில் போய் நின்றேன். மில்லே எழுந்து நின்றது. அதற்குப் பிறகு அது வழக்கமாகிவிட்டது. வருஷா வருஷம் மாலையும் சந்தனமும் போலச் சங்கோடு என் குரலும் சேர்ந்துகொண்டது. பத்து வருஷத்துக்கு மேல் ஒரு தடவையும் தவறவில்லை.

அந்தப் பத்து வருஷத்தில் பகலில் நான் ஒரு மருந்து மொத்தக் கடைக்காக பைக்கில் கம்பம் வரை ஊர் ஊராக மாத்திரை கொண்டுபோய்க் கொடுத்தேன். லாரிப் புழுதியைத் தின்றேன். சாயங்காலம் மேடையில் தொண்டை கிழியக் கத்தினேன். ராக் என்றால் கத்துவதுதான் என்று நினைத்த காலம். ஒரு நாள் குரல் கட்டியது. இரண்டு நாளில் சரியாகும் என்றேன். இரண்டு வாரம் ஆயிற்று. தொண்டை டாக்டர் உள்ளே விளக்கடித்துப் பார்த்துவிட்டு, குரல் நாணில் காய்ப்பு விழுந்திருக்கிறது, ஒரு மாதம் பேசவே கூடாது என்றார். கோயில் கொடை நடக்கும் பங்குனி சித்திரையில் ஒரு பாட்டுக்காரனைப் பார்த்துப் பேசாதே என்றால்? தலையை ஆட்டிவிட்டு வந்து அன்றைக்கே கடமலைக்குண்டில் பாடினேன்.

அதற்குப் பிறகு பயம் என் வீட்டில் குடிவந்தது. அதிமதுரம் மென்றேன். மிளகும் பனங்கற்கண்டும் எப்போதும் சட்டைப் பையில் இருக்கும். ஐஸ் தண்ணீர் குடிக்கிறவனைப் பார்த்தாலே எனக்குத் தொண்டை வலிக்கும். யாராவது பக்கத்தில் தும்மினால் எழுந்து போய்விடுவேன். என் பொண்டாட்டி தாளிக்கும்போது நான் தெருவில் நிற்பேன். அவள் வரமிளகாயையே நிறுத்திவிட்டாள். அதற்கும் சண்டை போட்டேன், என்னை நோயாளி ஆக்குகிறாள் என்று.

இதில் வேடிக்கை, மேடையில் எனக்கு ஒரு குறையும் இல்லை. சங்குப் பாட்டில் வெண்ணெய் மாதிரி ஏறினேன். அதிமதுரம் வேலை செய்கிறது என்று பார்க்கிறவனிடம் எல்லாம் சிபாரிசு செய்தேன். ஆனால் வீட்டு மாடியில் ஏழு மணிச் சங்குக்கு முடியவில்லை. உச்சிக்குக் கொஞ்சம் கீழேயே குரல் நின்றுவிடும், தள்ளினால் காற்றுதான் வரும். முந்தின நாள் சாயங்காலம் எட்டியது மறுநாள் காலையில் எட்டாமல் போனால் என்ன அர்த்தம்? நான் சரியாக இருக்கிறேன், சங்குதான் மாறியிருக்கிறது. கரண்ட் வெட்டு உச்சத்தில் இருந்த காலம் அது. மோட்டாரில் ஏதோ செய்துவிட்டார்கள் என்று முடிவே கட்டினேன். அப்படித்தான் மப்ளரோடு மில் கேட்டுக்குப் போனேன்.

சங்கு மாறவில்லை என்று தெரிந்தபின், மேடையில் மட்டும் எப்படி எட்டுகிறது என்ற ஒரே ஒரு சந்தேகம்தான் மிச்சம். அதை நினைக்கவே எனக்குப் பிடிக்கவில்லை.

அந்த வாரம் காமயகவுண்டன்பட்டியில் கச்சேரி. மதியம் மூன்று மணிக்கே போய் இறங்கினோம். திராட்சைத் தோட்டத்தில் மருந்தடித்த வாடை காற்றில் வந்தது, நான் மப்ளரை மூக்கு வரை இழுத்துக்கொண்டேன். கிடார்காரன் மேடை ஓரத்தில் உட்கார்ந்து தந்தியை இறக்கிக்கொண்டிருந்தான். ஏன் இப்போதெல்லாம் ஒவ்வொரு ஊரிலும் தந்தியைத் திருகுகிறாய் என்று கேட்டேன். ஈரக்காற்று என்றான். வானத்தில் ஒரு துண்டு மேகம் இல்லை. நான் நேராகக் கீபோர்டுக்குப் போனேன். அதன் சின்னத் திரைமேல் எப்போதும் ஒரு துண்டு போட்டிருக்கும், வெயில் பட்டால் கெட்டுவிடும் என்று நண்பன் சொல்வான். துண்டை எடுத்தேன். டிரான்ஸ்போஸ் என்ற இடத்தில் மைனஸ் மூன்று என்றிருந்தது.

விஷயம் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். அந்தப் பட்டனை ஒரு தடவை அமுக்கினால் கீபோர்டு முழுவதும் அரைக் கட்டை சுருதி இறங்கிவிடும். வாசிக்கிறவன் விரல் அதே கட்டைகளில்தான் போகும், சத்தம் மட்டும் கீழே இறங்கியிருக்கும். மைனஸ் மூன்று என்றால் ஒன்றரைக் கட்டை. என் மொத்தக் கச்சேரியும் ஒன்றரைக் கட்டை பள்ளத்தில் நடந்துகொண்டிருந்தது. நான் மேட்டில் நிற்பதாக நினைத்து அதிமதுரத்துக்கு விளம்பரம் செய்துகொண்டிருந்தேன்.

நண்பன் டீ கிளாஸோடு பின்னால் வந்து நின்றான். துண்டு என் கையில் இருப்பதைப் பார்த்துவிட்டான்.

"போன கார்த்திகையில இருந்து மாப்ள," என்றான். "ஒண்ணு ஒண்ணாத்தான் எறக்குனேன். நீ தொண்டைய புடிச்சுக்கிட்டு நிக்கிறத எங்களால பாக்க முடியல."

எங்களால் என்றான். அப்படியென்றால் கிடார்காரனும் கூட்டு, டிரம்ஸ்காரனுக்கும் தெரியும். எனக்குக் கோபம் மூக்கு நுனியில் இருக்கும் என்று ஊருக்கே தெரியும். துண்டை அவன் மூஞ்சியில் எறிந்தேன். நான் என்ன பிச்சைக்காரனா, எனக்கு நீ சுருதி போடுகிறாயா என்று கத்தினேன். கத்தியதில் குரல் உடைந்தது. அதைக் கேட்டு அவன் கண் கலங்கிவிட்டான். அதற்கும் சேர்த்துக் கோபப்பட்டேன். சாயங்காலம் அதே மைனஸ் மூன்றில்தான் பாடினேன், வேறு வழியில்லை. கைதட்டினார்கள். ஒவ்வொரு கைதட்டும் என் கன்னத்தில் விழுவதுபோல இருந்தது.

வீட்டுக்கு வந்து பொண்டாட்டியிடம் துரோகம் என்று குதித்தேன். அவள் பாத்திரம் துலக்குவதை நிறுத்தவில்லை.

"எனக்குத் தெரியும்," என்றாள்.

தெரிந்தால் ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன்.

"காலையில மாடியிலயும் கேக்குறேன், சாயங்காலம் மேடையிலயும் கேக்குறேன். எனக்குத் தெரியாம இருக்குமா? சொன்னா பாடுறதயே விட்டுருவீக. அப்பறம் உங்களோட வீட்டுல எப்படி இருக்குறது?"

அவள் சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. எல்லாருக்கும் தெரிந்திருக்கிறது, பாடுகிறவனுக்கு மட்டும் தெரியவில்லை. இதைவிட அவமானம் ஒரு பாட்டுக்காரனுக்கு உண்டா?

சரி, மேடையில் ஏமாற்றலாம். மில் சங்குக்கு டிரான்ஸ்போஸ் பட்டன் இல்லை. ஆயுத பூஜை அன்று அது ஏறுகிற இடத்துக்கு நான் ஏறியாக வேண்டும். ஏறாவிட்டால் தினம் அந்தச் சங்கைக் கேட்கிற அத்தனை காதுகளுக்கும் ஒரே நொடியில் தெரிந்துவிடும். அதோடு என் கதை முடிந்தது. இந்த ஒரே நினைப்போடு ஐந்து வாரத்தைக் கழித்தேன்.

டாக்டர் சொன்னதை அப்போதுதான் செய்தேன். கடையில் பேசுவதை நிறுத்தினேன், சீட்டில் எழுதிக் காட்டினேன். மருந்துக்கடைக்காரர்கள் நான் மௌன விரதம் என்று நினைத்து மரியாதை கொடுக்க ஆரம்பித்தார்கள். காலை ஏழு மணிக்கு மாடிக்குப் போவேன், சங்கு முனகத் தொடங்கும், நான் வாயைத் திறக்காமல் மனசுக்குள் மட்டும் ஏறிப் பார்ப்பேன். மனசுக்குள்ளும் அந்த இடத்தில் தடுக்கியது. பொய் சொல்லலாமா என்று யோசித்தேன். காய்ச்சல் என்று படுத்துவிடலாம். பைக்கிலிருந்து விழுந்துவிடலாம், லேசாக. மழைக்கு வேண்டினேன். எங்கள் பக்கம் ஆயுத பூஜை நேரத்தில் மழை வருவது சகஜம்தான். மலை மேலே மேகம் கருத்துக் கருத்து வந்து நிற்கும், எனக்கு மனசு குளிரும், மழை கேரளத்துப் பக்கமே பெய்துவிட்டுப் போய்விடும்.

ஆயுத பூஜை அன்று வெயில் பளிச்சென்று அடித்தது.

மில்லுக்குள் பஞ்சு வாடையும் சாம்பிராணியும் கலந்து கிடந்தன. அன்றைக்கு மெஷின்கள் ஓடாததால் ஆட்கள் சாதாரணக் குரலில் பேசிக்கொள்வதே எனக்கு விநோதமாக இருந்தது. பூ வைத்த பெண்கள் பிள்ளைகளோடு வந்து முன்னால் உட்கார்ந்தார்கள். அண்ணன் ஏணியில் ஏறிச் சங்குக்கு மாலை போட்டுவிட்டு இறங்கும்போது என்னைப் பார்த்தார். நான் பார்வையைத் திருப்பிக்கொண்டேன். கீபோர்டுக்குப் பின்னால் நின்ற நண்பனிடம் நான் ஐந்து வாரமாக வேலை விஷயம் தவிர எதுவும் பேசவில்லை. பூசணிக்காய் உடைந்தது. எல்லாரும் மேலே பார்த்தார்கள். நான் மைக்கை வாய்க்குக் கொண்டுபோனேன்.

சங்கு முனகியது. நானும் அடியில் பிடித்தேன். ஏறினோம். குரல் வந்துகொண்டிருந்தது, ஆனால் அந்தத் தடுக்குகிற இடம் எப்போது வரும், எப்போது வரும் என்று எண்ணியபடியேதான் ஏறினேன். தொண்டை இறுகத் தொடங்கியது. இனிமேல் முடியாது என்று நான் நின்ற அதே இடத்தில் சங்கும் நின்றது.

முதலில் நம்பவில்லை. சங்கு உச்சிக்குப் போகாமல் அங்கேயே லேசாக ஆடிக்கொண்டு என்னோடு நிற்கிறது. கூட்டத்தில் ஒருவர் கரண்ட் கம்மி போல என்றார். நான் அண்ணன் அறை ஜன்னலைப் பார்த்தேன். அவர் சங்கைப் பார்க்கவில்லை, என் கழுத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். கட்டைவிரல் சுவிட்சை விட்டு விட்டுப் பிடித்துக்கொண்டிருந்தது. மோட்டார் முழு வேகம் எடுக்காமல் பார்த்துக்கொண்டார். மப்ளரோடு போய் நான் கேட்ட ஒரு கேள்வியிலேயே அந்த மனுஷன் எல்லாவற்றையும் புரிந்துகொண்டிருந்தார்.

கைதட்டல் எழுந்தது. விசில். நண்பன் முகம் மலர்ந்துவிட்டது. தப்பித்தேன். ஐந்து வாரமாக நான் கும்பிட்டது இதைத்தானே? வாயை மூடிக்கொண்டு அடுத்த வரிக்குப் போயிருக்கலாம். ஆனால் எனக்குள் இருந்த பயம் அப்படியே இருந்தது. அடுத்த வருஷமும் இதே மாதிரி நிற்கவேண்டும். அதற்குள் இன்னும் கொஞ்சம் இறங்கியிருப்பேன், இவர் சங்கை இன்னும் கொஞ்சம் கீழே பிடிப்பார். நான் ஒவ்வொரு வருஷமும் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு பாடவேண்டும். அது என்னால் முடியாது என்று தோன்றியது.

"அண்ணே, முழுசா ஊதுங்க," என்று மைக்கில் சொன்னேன்.

கூட்டம் ஆரவாரம் செய்தது. நான் சங்கோடு போட்டிக்கு நிற்கிறேன் என்று நினைத்துவிட்டார்கள். அண்ணன் ஜன்னலில் இருந்து வேண்டாம் என்று தலையை ஆட்டினார். நான் கையெடுத்துக் கும்பிட்டேன். அவர் சுவிட்சை முழுசாக அழுத்தினார்.

இந்தத் தடவை சங்கு நிற்கவில்லை. அந்த இடத்தைத் தாண்டியது. நானும் தாண்டப் பார்த்தேன். கீச்சென்று ஒரு சத்தம் வந்தது, பிறகு வெறும் காற்று. மைக்கில் என் மூச்சு மட்டும் மில் முழுக்கக் கேட்டது. சங்கு தனியாக ஏறி, தன் பழைய இடத்தில் போய் நின்றுகொண்டது. ஒரு குழந்தை சிரித்தது, அதன் அம்மா வாயைப் பொத்தினாள். யாரும் கைதட்டவில்லை. எல்லாரும் என் முகத்தையே பார்த்தார்கள். எனக்கு அழுகை முட்டியது. கூடவே, இதை இதுவரை யாருக்கும் சொல்லிப் புரியவைக்க முடிந்ததில்லை, பெரிய நிம்மதியும் வந்தது. பயந்த விஷயம் நடந்து முடிந்துவிட்டது. இனி அது நடக்கப்போவதில்லை.

அண்ணன் கையை எடுத்தார். சங்கு இறங்கத் தொடங்கியது. பத்து வருஷமாக நாங்கள் அது ஏறுவதோடு பாட்டை ஆரம்பித்துவிடுவோம், இறங்குவதை யாரும் கவனித்ததே இல்லை. அது மெதுவாக இறங்கி என் குரல் இருக்கும் இடத்துக்கு வந்தபோது, எனக்கே தெரியாமல் வாயைத் திறந்து அதோடு சேர்ந்துகொண்டேன். குரல் கரகரத்தது, ஆனால் சுருதி சேர்ந்தது. சங்கும் நானும் ஒன்றாக அடி வரை இறங்கினோம். அது ஓய்ந்த பிறகு டிரம்ஸ்காரன் கொஞ்சம் தயங்கி, பிறகு அடித்தான்.

சாப்பாட்டுப் பந்தியில் அண்ணன் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். இலையில் தண்ணீர் தெளித்துக்கொண்டே, "நான்தான் புடிச்சிருந்தேன்ல தம்பி. ஏன் அப்படிச் செஞ்ச?" என்றார். அவருக்கு நிஜமாகவே வருத்தம். பயந்து பயந்து பாடி அலுத்துவிட்டது அண்ணே என்றேன். அவர் தன் அப்பளத்தை எடுத்து என் இலையில் வைத்தார்.

அதற்குப் பிறகும் இரண்டு வருஷம் பாடினேன். அடுத்த கச்சேரிக்குப் போனபோது நண்பன் கீபோர்டின்மேல் துண்டு போடவில்லை. ஸ்டாண்டையே பக்கவாட்டில் திருப்பி, அந்தச் சின்னத் திரை எனக்குத் தெரியும்படி வைத்திருந்தான். நான் அதைப் பார்த்தேன், அவன் என்னைப் பார்த்தான். அதுதான் எங்களுக்குள் நடந்த சமாதானப் பேச்சு. அதிலிருந்து ஒவ்வொரு மேடையிலும் ஏறியதும் முதலில் திரையைப் பார்ப்பேன். மைனஸ் மூன்று, சில நாள் நான்கு. 2010-ல் கடைசியாகக் கம்பத்தில் பாடியபோது அது ஐந்தில் இருந்தது. போதுமா மாப்ள என்று நண்பன் கேட்டான். இன்னும் ஒண்ணு எறக்கு என்று சொல்லிவிட்டு மைக்கை எடுத்தேன்.